அரை டம்ளர் தண்ணீர்

அந்த ஆஸ்பத்திரியின் சலவைப் பிரிவு தரைக்குக் கீழே இருந்தது. ஜன்னல் என்று பேருக்கு உயரத்தில் ஒரு கம்பித் திறப்பு. அதன் வழியே தெருவில் போகிறவர்களின் கால்கள் மட்டும் தெரியும். அங்கே பத்தொன்பது வருடமாக வேலை பார்க்கும் பெண்ணை டாக்டர்கள் முதல் வாசல் காவலாளி வரை எல்லோரும் மடிப்பக்கா என்றுதான் கூப்பிட்டார்கள். துவைத்த விரிப்புகள் சூடான உருளைகளுக்கு நடுவே புகுந்து மறுபக்கம் வெளியே வரும்போது அவற்றை வாங்கி மடித்து அடுக்குவது அவள் வேலை. வேலை கைக்குள் ஊறிப்போயிருந்தது. பழைய பேப்பர், பஸ் டிக்கெட், யாரோ நாற்காலியில் எறிந்த துண்டு என்று அவள் கையில் அகப்பட்ட எதுவும் நாலாக மடிந்துதான் தப்பும்.

நாற்பத்தெட்டு வயது. கல்யாணம் ஆகவில்லை. ஏன் ஆகவில்லை என்று கேட்பவர்களும் ஓய்ந்துபோய்விட்டார்கள். அம்மாவும் அவளுமாக, இரண்டு அறையுள்ள ஒரு வாடகை வீட்டில் இருந்தார்கள். அம்மாவுக்கு எழுபத்தாறு. இதயம் பலவீனமாகி நுரையீரலில் நீர் கோத்துக்கொண்டதால், மகள் வேலை பார்க்கும் அதே ஆஸ்பத்திரியில், நாலாம் மாடியில் சேர்த்திருந்தார்கள். அதில் மடிப்பக்காவுக்கு ஒரு நிம்மதிகூட இருந்தது. வேலைக்கும் அம்மாவுக்கும் நடுவே நாலு மாடிதானே என்று நினைத்தாள். இருப்பதிலேயே மெத்தென்ற விரிப்புகள் இரண்டைப் பொறுக்கி, ஓரத்தில் நீல நூலால் ஒரு தையல் போட்டு, அவை மாற்றி மாற்றி அம்மாவின் கட்டிலுக்கே போகும்படி பார்த்துக்கொண்டாள். பத்தொன்பது வருடத்தில் வேலையில் அவள் எடுத்துக்கொண்ட ஒரே சலுகை அது.

டாக்டர் தண்ணீரை அளந்து கொடுக்கச் சொல்லியிருந்தார். அதிகம் குடித்தால் நீர் மறுபடி கோத்துக்கொள்ளுமாம். ஒரு கண்ணாடி டம்ளரில் பாதி உயரத்துக்குச் சிவப்பு நகப்பூச்சால் கோடு போட்டு வைத்தாள் மகள். காலையில் ஒன்று, மதியம் ஒன்று, சாயங்காலம் ஒன்று. கோட்டுக்கு மேல் ஒரு சொட்டு கிடையாது. அம்மாவுக்கு வாய் கொஞ்சம் துடுக்கு. அந்தக் கோட்டைப் பார்க்கும்போதெல்லாம், பள்ளிக்கூடத்தில் மகள் கணக்கில் இவ்வளவு சரியாக இருந்ததில்லையே என்பாள்.

ஒன்பதாம் நாள் காலை, வேலைக்கு இறங்கும் முன் மகள் வழக்கம்போல் எட்டிப் பார்த்தாள். அம்மா தலையணையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். மூச்சு வாங்கியது. ஆனால் முந்தின நாளும் அப்படித்தான் வாங்கியது.

"இன்னைக்கு ஒரு நாள் என் பக்கத்துல உக்காரேன்" என்றாள் அம்மா.

"ரெண்டு பேரு வரலம்மா. ஒரு மெஷினும் படுத்துக்கிச்சு. ஒரு மணிக்கு வந்துடறேன்."

"சரி, போறதுக்கு முன்னாடி கொஞ்சம் தண்ணி குடு."

"இப்பதானே குடிச்சே. மதியம் தரேன்."

"நீ எனக்குப் பொறந்தியா, அந்த டாக்டருக்குப் பொறந்தியா?"

மகள் சிரித்துவிட்டாள். பக்கத்துக் கட்டிலில் இருந்த பெண்ணும் சிரித்தாள். டம்ளரை அம்மாவின் கைக்கு எட்டாத ஜன்னல் விளிம்பில் நகர்த்தி வைத்துவிட்டு மடிப்பக்கா படியிறங்கினாள். அம்மாவிடம் அவள் கடைசியாகச் சொன்னது, மதியம் தரேன் என்பதுதான்.

பன்னிரண்டு மணி வாக்கில் நாலாம் மாடியிலிருந்து சலவைப் பிரிவுக்குப் போன் வந்தது. மணி அடித்திருக்கத்தான் வேண்டும். உலர்த்தும் இயந்திரங்கள் இரண்டும் ஓடிக்கொண்டிருந்தால் அங்கே பக்கத்தில் நிற்பவன் கத்தினாலே கேட்காது. மூன்று தடவை அடித்துப் பார்த்துவிட்டு, வார்டு ஆயா தானே கீழே ஓடி வந்தாள். லிஃப்ட் எங்கோ மேலே நின்றுவிட்டிருந்தது. மடிப்பக்கா படியேறினாள். இரண்டாம் மாடியில் ஒரு செருப்பு கழன்றது. நாலாம் மாடிக்கு அவள் போய்ச் சேர்ந்தபோது கட்டிலைச் சுற்றித் திரை இழுத்திருந்தது. உள்ளே அம்மாவின் முகத்தை மூடியிருந்தார்கள். இருபத்தைந்து நிமிடம் ஆகிவிட்டது என்றாள் நர்ஸ்.

முகத்திலிருந்து துணியை எடுத்தாள். அம்மாவின் உதடு காய்ந்து வெடித்திருந்தது. அதையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

தம்பி மறுநாள் காலையில் வந்து சேர்ந்தான். ஒரு நாள் பயணத் தூரத்தில், மீனைக் குளிரில் வைக்கும் பெரிய கிடங்கு ஒன்றில் அவனுக்கு வேலை. எந்நேரமும் குளிரில் நின்று இவன் பேச்சும் உறைந்துபோய்விட்டது என்று அம்மா சொல்வாள். ஆனாலும் வாரம் ஒரு முறை அவன் போன் வந்தால் அம்மாவின் குரலே மாறிவிடும். சர்க்கரையாகப் பேசுவாள். போனை வைத்ததும் மகளிடம் திரும்பி, இன்னும் விளக்கைப் போடாமல் என்ன செய்கிறாய் என்று கடிப்பாள். கூட இருக்கிறவளுக்குக் கடி, எட்ட இருக்கிறவனுக்குச் சர்க்கரை. இதை வைத்து அக்காளும் தம்பியும் எத்தனையோ முறை சிரித்திருக்கிறார்கள்.

அம்மாவை வழியனுப்பிவிட்டு வீடு திரும்பிய சாயங்காலம், நாற்காலி காலியாக இருந்தும் இரண்டு பேரும் தரையில் உட்கார்ந்தார்கள். அது அம்மாவின் நாற்காலி. பேச்சு தானாகவே சினிமா தியேட்டருக்குப் போனது.

அம்மா முப்பத்தொரு வருடம் ஒரு தியேட்டரில் டிக்கெட் கொடுத்தவள். கவுன்ட்டரில் கை நுழையும் அளவுக்கு ஒரு ஓட்டை மட்டும் உண்டு. ஊரில் பாதிப் பேருக்கு அம்மாவின் கையைத் தெரியும், முகத்தைத் தெரியாது. அப்பா வேலை தேடிப் போனவர், போனவர்தான். பள்ளிக்கூடம் விட்டதும் பிள்ளைகள் இரண்டும் நேரே தியேட்டருக்குத்தான் வரும். படம் தொடங்கிக் கால் மணி நேரம் கழித்துக் கவுன்ட்டரை மூடிவிட்டு, இரண்டு பேரையும் இரண்டு கையில் பிடித்துக்கொண்டு இருட்டுக்குள் கூட்டிப் போவாள் அம்மா. அதனால் எந்தப் படத்தின் தொடக்கத்தையும் அவர்கள் பார்த்ததில்லை. அம்மா காதோரமாகத் தொடக்கத்தை இட்டுக்கட்டிச் சொல்வாள். அந்த மீசைக்காரன் இருக்கிறானே, அவன் இவளுடைய அண்ணன், சின்ன வயதில் ரயிலில் தொலைந்துபோனவன் என்று அடித்து விடுவாள். பிறகு அடுத்த காட்சிக்கு டிக்கெட் கொடுக்க அவள் பாதியில் எழுந்து போய்விடுவாள். முடிவைப் பிள்ளைகள் பார்த்துவிட்டு வந்து அவளுக்குச் சொல்ல வேண்டும். தம்பி எப்போதும் மாற்றித்தான் சொல்வான். செத்துப்போனவர்களையெல்லாம் பிழைக்க வைத்துவிடுவான்.

"அம்மாவுக்குத் தெரியும்க்கா, நான் புளுகுறேன்னு" என்றான் தம்பி. "தெரிஞ்சேதான் கேட்டுக்கிட்டிருந்தாங்க."

அவள் சிரித்தாள். சிரிப்பு பாதியில் வேறு ஏதோவாக மாறியது. குளியலறைக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டுக்கொண்டு அழுதாள். வெளியே வந்தபோது தம்பி சமையலறையில் நின்று தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தான். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த பையில் கிடந்த டம்ளர். சிவப்புக் கோடு போட்ட டம்ளர். விளிம்பு வரை நிரப்பி, அண்ணாந்து குடித்தான்.

அவள் பாய்ந்து அவன் கையிலிருந்து அதைப் பிடுங்கினாள். தண்ணீர் அவன் சட்டையெல்லாம் கொட்டியது.

"என்னக்கா? தண்ணிதானே?"

தண்ணீர்தான். அதைச் சொல்ல அவளால் முடியவில்லை. ஆஸ்பத்திரியில் அன்று காலை நடந்ததை யாரிடமும் அவள் சொல்லியிருக்கவில்லை. அதற்குப் பதிலாக, இந்த வீட்டில் எதையும் தொடாதே என்று கத்தினாள். பகலில் அவன் அம்மாவின் மாத்திரை அட்டைகளை ஒரு கவரில் போட்டுக் கட்டி வைத்ததையும், மெத்தையைச் சுருட்டியதையும் இழுத்தாள். மூன்று வருடம் எட்டிப் பார்க்காதவன் மூன்று மணி நேரத்தில் வீட்டைத் துடைத்துவிடப் பார்க்கிறாய் என்றாள். அவன் பதிலுக்குப் பேசவில்லை. சட்டையைத் துடைத்துக்கொண்டே, அவளைச் சமாதானப்படுத்துவதாக நினைத்து, "உன்ன மாதிரி அம்மாவை யாராலயும் பாத்துக்கிட்டிருக்க முடியாதுக்கா" என்றான்.

அதைவிட அவன் ஒரு அறை கொடுத்திருக்கலாம்.

"நீ தூரத்துல இருந்தே, வர முடியல. சரி" என்றாள். "நான் நாலு மாடி கீழ இருந்தேன்டா."

மூன்றாம் நாளே அவள் வேலைக்குப் போய்விட்டாள். வீட்டில் இருந்தால் சுவர் மேலே விழுகிற மாதிரி இருந்தது. சலவைப் பிரிவின் மேஸ்திரி அவளைவிட வயதில் சின்னவர், நல்ல மாதிரி. ஒரு வாரம் கழித்து வரலாமே என்றார். அவள் தலையை ஆட்டிவிட்டு, வேலை உடுப்பை மாட்டிக்கொண்டாள்.

பழுதான இயந்திரம் இன்னும் சரியாகவில்லை. ஆபரேஷன் அறைத் துணிகளையும் குழந்தைகள் வார்டுத் துணிகளையும் முதலில் துவைத்துக்கொண்டு, மற்ற மாடிகளின் மூட்டைகளைச் சுவரோரமாக அடுக்கி வைத்திருந்தார்கள். ஒவ்வொரு மூட்டையிலும் மாடியும் தேதியும் எழுதிய அட்டை தொங்கியது. மடிப்பக்கா அந்தப் பக்கம் போகக் கூடாது என்றுதான் இருந்தாள். பத்து மணி வரை இருந்தாள். அப்புறம் கால் தானாகப் போனது. நாலாம் மாடி என்று போட்டு, அந்த நாளின் தேதியோடு ஐந்து மூட்டைகள் இருந்தன.

முடிச்சை அவிழ்க்கப் பொறுமையில்லை. முதல் மூட்டையைக் கத்தரியால் வெட்டினாள். யார் யாருடைய துணியோ வந்து விழுந்தது. கறைகளைப் பார்த்து முகம் சுளிக்கிற வழக்கம் அவளுக்கு எப்போதோ போய்விட்டது. ஒவ்வொன்றையும் எடுத்து ஓரத்தைத் தடவிப் பார்த்து எறிந்தாள். மூன்றாவது மூட்டையின் அடியில் நீல நூல் விரலுக்குத் தட்டுப்பட்டது. அந்த விரிப்பை இழுத்தெடுத்து, மூட்டைகளுக்கு நடுவிலேயே உட்கார்ந்து, முகத்தை அதில் புதைத்துக்கொண்டாள்.

அம்மாவின் வாசனை வரும் என்று நினைத்தாள். தலைக்கு வைத்துக்கொள்ளும் எண்ணெய், துவைத்துத் துவைத்து நைந்த பருத்திப் புடவை, கழுத்தோரத்துப் பவுடர் என்று அந்த வாசனையை மூக்கு தேடியது. மருந்து நெடியும் மூத்திர நெடியும்தான் வந்தது. ஒன்பது நாளில் ஆஸ்பத்திரி அம்மாவை முழுக்கத் துடைத்து எடுத்துவிட்டிருந்தது. திருப்பித் திருப்பி மோந்து பார்த்தாள். இந்த மூலையில் இருக்கும், இல்லை அந்த மூலையில் இருக்கும் என்று, தொலைந்த சாமானைத் தேடுகிற மாதிரித் தேடினாள். சுற்றிலும் வேலை நின்றுவிட்டதை அவள் கவனிக்கவில்லை.

மேஸ்திரி வந்து எதிரில் குந்தி உட்கார்ந்தார். இதை நான் வீட்டுக்குக் கொண்டுபோகட்டுமா என்று அவள் கேட்டாள். ஆஸ்பத்திரித் துணி வெளியே போகக் கூடாது, அதுவும் துவைக்காத துணி போகவே கூடாது என்பது அவர் சொல்லி அவளுக்குத் தெரிய வேண்டியதில்லை. அந்த விதியைப் புதிதாக வருகிறவர்களுக்குச் சொல்லிக்கொடுப்பதே அவள்தான். அவர் மறுத்தார். அவள் விடவில்லை. கொஞ்ச நேரம் துணியின் இரண்டு நுனியையும் ஆளுக்கொரு பக்கம் பிடித்திருந்தார்கள்.

"அக்கா, நானே மெஷின்ல போடுறேன். என் கையால போடுறேன்" என்றார் மேஸ்திரி. "நீங்க அந்தப் பக்கம் திரும்பிக்கோங்க."

அவள் திரும்பிக்கொள்ளவில்லை. இயந்திரத்தின் வட்டக் கண்ணாடிக்கு முன்னால் நின்று, துணிகளுக்குள் துணியாக அது சுற்றுவதை நாற்பது நிமிடம் பார்த்தாள். பிறகு அது உருளைக்கு வந்தது. பின்பு அவள் கைக்கே வந்தது. நீலத் தையலை நகத்தால் பிரித்து எடுத்துவிட்டு, அதை மடித்து அடுக்கில் வைத்தாள். அதன் மேல் அடுத்தது வந்து விழுந்தது. கொஞ்ச நேரத்தில் எது எதுவென்று அவளுக்கே தெரியவில்லை.

தம்பி ஊருக்குத் திரும்பிய பிறகு அவளைப் பிடித்து ஆட்டியது ஒரே கேள்விதான். கடைசியில் அம்மா என்ன சொன்னாள்? தூக்கத்திலேயே போய்விட்டார்கள், கஷ்டமே இல்லை என்று நர்ஸ் சொல்லியிருந்தாள். ஆனால் அன்று கீழே ஓடி வந்த ஆயா, மூச்சிரைக்க, உங்களைத்தான் கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறார்கள் என்றிருந்தாள். தூங்குகிறவள் எப்படிக் கூப்பிடுவாள்? மடிப்பக்கா ஆயாவைத் தேடிப் பிடித்துக் கேட்டபோது, அவள் ஒரு மாதிரி விழித்து, அவசரத்தில் ஏதோ சொல்லியிருப்பேன், பக்கத்துக் கட்டில் அம்மாதான் பெல்லை அழுத்தினார்கள் என்று நழுவினாள்.

பக்கத்துக் கட்டிலில் இருந்தவள் மறுநாளே குணமாகிப் போய்விட்டிருந்தாள். அறுபது வயது. கார் ஓட்டக் கற்றுக்கொடுப்பவள். எல்லோரும் அவளை மாஸ்டரம்மா என்பார்கள். மூச்சுத் திணறலோடு படுத்திருந்தபோதும், தன்னிடம் படித்தவர்கள் எத்தனை பேர் என்று பெருமையடித்துக்கொண்டே இருந்தவள். அவள் நடத்தும் ஓட்டுநர் பள்ளி எந்தத் தெருவில் என்பதை அந்தப் பெருமையிலிருந்தே மடிப்பக்கா தெரிந்துவைத்திருந்தாள்.

ஒரு பிற்பகல் அங்கே போனாள். ஒரு பழைய கார் சுவரோரமாக நின்றது. மாஸ்டரம்மா இடது பக்க இருக்கையில் உட்கார்ந்து அடுத்த ஆளுக்காகக் காத்திருந்தாள். இவளைக் கண்டதும் அவள் முகம் வெளிறியது. வர மாட்டாள் என்று நம்பிக்கொண்டிருந்தவளைப் போல இருந்தது. ஓட்டுநர் பக்கத்துக் கதவைத் திறந்துவிட்டாள். மடிப்பக்கா வாழ்நாளில் முதல்முறையாக ஒரு ஸ்டீயரிங்குக்கு முன்னால் உட்கார்ந்தாள்.

அம்மா தூக்கத்தில் போனாளா என்று கேட்டாள்.

இல்லை என்றாள் மாஸ்டரம்மா. ரொம்ப நேரம் இல்லை, ஆனால் திணறினார்கள். கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டார்கள்.

"ஏதாவது சொன்னாங்களா?"

"அம்மான்னாங்க. அம்மா, அம்மான்னு. நாலஞ்சு தடவை."

வலித்தால் யாரும் அம்மா என்றுதான் சொல்வார்கள். சாகும்போது தன்னைப் பெற்றவளைக் கூப்பிட்டாலும் அம்மாதான். ஆனால் அவளை, மகளை, கடிக்காமல் நல்லபடியாக இருக்கிற நேரங்களில், அம்மா கூப்பிடுகிற விதமும் அதுவேதான். இங்க வாம்மா. இதக் கொஞ்சம் புடிம்மா. மூன்றில் எது?

"எப்படிச் சொன்னாங்க? வலியில கத்துற மாதிரியா? இல்ல, யாரையாவது வரச் சொல்ற மாதிரியா?"

"தெரியலையேம்மா."

"சொல்லிக் காட்டுங்க."

மாஸ்டரம்மா திகைத்தாள். இவள் அவளுடைய முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, அம்மா சொன்ன மாதிரியே சொல்லிக் காட்டுங்கள் என்று கெஞ்சினாள். மாஸ்டரம்மா வாயைத் திறந்தாள். "அம்மா" என்று மெல்லச் சொன்னாள். அது மாஸ்டரம்மாவின் குரலாகத்தான் இருந்தது. இப்படி இல்லை என்று தானே தலையாட்டிவிட்டு, கொஞ்சம் இழுத்து இன்னொரு முறை சொன்னாள். அதுவும் இல்லை. மூன்றாவது முறை முயன்றபோது அவளுக்கு மூச்சு முட்டி இருமல் வந்துவிட்டது.

"நான் அந்த நேரம் என் மூச்சைத்தான் பாத்துக்கிட்டிருந்தேன்" என்றாள் இருமல் அடங்கிய பிறகு. "பொய் சொல்லி உங்களை அனுப்பலாம். எனக்கு வரல."

அப்புறம் அவள் தன் பாரத்தை இறக்கினாள். காலையில் நீங்கள் போன பிறகு, பதினோரு மணி இருக்கும், உங்கள் அம்மா தண்ணீர் கேட்டார்கள். நர்ஸிடம் கேட்டால் திட்டுவாள் என்றார்கள். நான் இறங்கிப் போய், ஜன்னல் விளிம்பில் இருந்த டம்ளரை எடுத்துக் கொடுத்தேன். கோடு வரைக்கும்தான் ஊற்றினேன். அரை டம்ளர். ஒரே மூச்சில் குடித்துவிட்டு, மகளிடம் சொல்லிவிடாதே, அவள் என்னைக் கொன்றுவிடுவாள் என்று கண்ணடித்தார்கள்.

மாஸ்டரம்மா டேஷ்போர்டைப் பார்த்துக்கொண்டே பேசினாள்.

"அதுக்கப்புறம் ஒரு மணி நேரங்கூட ஆகல. அதனாலதான் போயிட்டாங்களா? டாக்டர் என்ன சொன்னாரு? எனக்கு அன்னையிலேருந்து சோறு இறங்கல."

இல்லை என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். மடிப்பக்காவின் நாக்கு எழவில்லை. கதவைத் திறந்து இறங்கி, திரும்பிப் பார்க்காமல் நடந்தாள்.

அடுத்த மூன்று வாரம் அவள் இருந்த இருப்பை இருப்பு என்று சொல்ல முடியாது. இந்தப் பெண்ணால்தான் அம்மா போனாள் என்று காலையில் கறுவுவாள். கையில் கிடைத்தால் கழுத்தை நெரித்துவிடுகிற ஆத்திரம் வரும். மதியத்துக்குள் அது திரும்பி அவள் மேலேயே பாயும். தண்ணீர் கேட்டவளுக்குக் கொடுத்தது யாரோ ஒருத்தி. பெற்ற மகள் டம்ளரை எட்டாத இடத்தில் வைத்துவிட்டுச் சிரித்துக்கொண்டே போனாள். அம்மாவின் தொண்டையை நனைத்த கடைசித் தண்ணீர் அந்நியக் கையிலிருந்து போயிருக்கிறது. அந்தக் கை மேல் அவளுக்குப் பொறாமையாகக்கூட இருந்தது. அடுப்பைப் பற்றவைக்க மறந்தாள். ரொட்டியை நின்றுகொண்டே தின்றாள். வீட்டில் யாரோ செருமுகிற மாதிரிக் கேட்டு, தோ வரேம்மா என்று வாய்விட்டுச் சொல்லிவிட்டு அப்படியே நிற்பாள். உருளையிலிருந்து வருகிற துணியை மடிக்காமல் கையில் வைத்துக்கொண்டு நின்றபோது, அதன் நுனி திரும்ப உருளையில் சுற்றிக்கொள்ள, மேஸ்திரி ஓடி வந்து இயந்திரத்தை நிறுத்த வேண்டியிருந்தது. இன்னும் ஒரு நொடி போயிருந்தால் துணியோடு அவள் விரல்களும் உருளைக்குள் போயிருக்கும். போனால் போகட்டும் என்றுதான் அவளுக்குத் தோன்றியது. அப்படித் தோன்றியதே அவளைக் கிலி பிடிக்க வைத்தது.

அன்றைக்கே டாக்டரைப் படிக்கட்டில் மறித்தாள். அரை டம்ளர் தண்ணீர் கூடுதலாகக் குடித்ததால் அம்மா போயிருப்பாளா என்று கேட்டாள். யார் கொடுத்தது என்று சொல்லவில்லை. அவசரக்காரர்தான், ஆனாலும் நின்று பேசினார். இதயம் அந்த ஒன்பது நாளும் கடைசி இழையில் ஓடிக்கொண்டிருந்தது, அதை அரை டம்ளர் தண்ணீர் அறுத்திருக்க முடியாது என்றார். அவர் அங்கேயே நிறுத்தியிருக்கலாம். அவள்தான் விடவில்லை.

"அப்போ, அன்னைக்குக் காலைல அவங்க கேட்டப்ப நான் குடுத்திருந்தா?"

"குடுத்திருக்கலாம்மா" என்றார் டாக்டர், ஆறுதலாகத்தான். "ஒண்ணும் ஆகியிருக்காது."

சாயங்காலம் வீட்டுக்கு வந்து தம்பிக்குப் போன் செய்தாள். ஹலோ சொன்னதற்கப்புறம் அவன் பேச இடமே கொடுக்கவில்லை. டம்ளர், கோடு, ஜன்னல் விளிம்பு, மாஸ்டரம்மா, டாக்டர் என்று எல்லாவற்றையும் கொட்டினாள். அம்மா தண்ணி கேட்டாடா, நான் குடுக்கலடா என்று அதையே நாலைந்து தடவை சொன்னாள்.

"அன்னைக்குப் பத்து மணிக்கு எனக்கு ஒரு போன் வந்துச்சு" என்றான் தம்பி. "தெரியாத நம்பர். எடுக்கல. ரெண்டாவது தடவையும் வந்துச்சு. கட் பண்ணிட்டேன். அப்புறமா கூப்பிட்டுப் பாத்தேன். வார்டு ஆயாவோட நம்பர்க்கா. அம்மா அவங்க போனை வாங்கிப் பண்ணியிருக்காங்க."

அவன் இதை யாரிடமும் சொல்லவில்லையாம். வீட்டில் அவள் கத்தியபோதும் இதனால்தான் வாயைத் திறக்கவில்லையாம். இரண்டு பேரும் போனை வைக்கவில்லை. அவன் மூச்சு இவளுக்குக் கேட்டது, இவளுடையது அவனுக்கு. ஒருவருக்கு மற்றவர் சொல்ல ஆறுதல் எதுவும் இருக்கவில்லை.

மறுநாள் அரை நாள் லீவு போட்டுவிட்டு மாஸ்டரம்மாவிடம் போனாள். அவள் மெலிந்துபோயிருந்தாள். கார் அருகில் நின்றபடியே, நீங்க குடுத்த தண்ணியால இல்ல, டாக்டர் சொல்லிட்டாரு என்று ஒப்பித்தாள் மடிப்பக்கா. முன்பே சொல்லியிருக்க வேண்டும், என் வாய் வரவில்லை என்றும் சொன்னாள். மாஸ்டரம்மா காரின் மேல் கையை ஊன்றிக்கொண்டு கண்ணை மூடினாள். மூச்சை இழுத்து விட்டாள். அந்த முகத்தில் பாரம் இறங்குவதை மடிப்பக்கா பார்த்தாள். தன் பாரத்தை இறக்கிவைக்க இப்படி ஒரு வார்த்தை எங்கேயும் இல்லை என்பதும் அப்போதுதான் அவளுக்கு முழுசாக உறைத்தது.

மாஸ்டரம்மா அவளைப் பிடித்து உள்ளே உட்காரவைத்தாள். வண்டியைக் கிளப்பினாள். கண்ணாடிகளை ஏற்றிவிட்டாள்.

"அழுங்க" என்றாள். "இது ஓட்டக் கத்துக்கிறவங்க வண்டி. எவனும் கிட்ட வர மாட்டான்."

குழாய்ச் சத்தத்துக்குள் ஒளிந்து அழுதே பழகியவள் அன்று வாய்விட்டு அலறினாள். அம்மா என்றுதான் அலறினாள். கடைத்தெரு போனது, பாலம் போனது, பள்ளிக்கூடம் விட்டுப் பிள்ளைகள் சாலையைக் கடந்தார்கள். பின்னால் வந்த வண்டிகள் காரில் மாட்டியிருந்த 'L' பலகையைப் பார்த்து ஒதுங்கிப் போயின. சிக்னலில் நிற்கும்போது மட்டும் மாஸ்டரம்மா இடது கையை இவள் தோளில் வைத்து, பச்சை விழுந்ததும் எடுத்துக்கொண்டாள். ஊரை இரண்டு சுற்றுச் சுற்றிவிட்டு ஆஸ்பத்திரியின் பின்வாசலில் வண்டியை நிறுத்தினாள்.

மடிப்பக்கா முகத்தைத் துடைத்துக்கொண்டு இறங்கினாள். தொண்டை கட்டிப்போயிருந்தது. மனசு லேசாகிவிட்டதா என்றால் இல்லை. பிற்பகல் வேலைக்கு ஆள் குறைவு என்று மேஸ்திரி காலையிலேயே சொல்லியிருந்தார். உடுப்பை மாட்டிக்கொண்டு உருளைக்கு முன்னால் போய் நின்றாள்.